காலத்தை நீட்டும் இசைக்கருவிக்கு விலை எங்கிருந்து வர வேண்டும்?

தீவுக்காரி, பினாங்கு

அனைவருக்கும் வணக்கம். நீரிணை ஒன்றின் கரையில் இருக்கும் நீள்துறை என்ற கற்பனைத் துறைமுகத்தை வைத்து நெடுங்கதை ஒன்றை எழுதி வருகிறேன். அந்த ஊரில் மந்திரவாதிகள் இல்லை. இசைக்கருவி செய்யும் ஆசாரிகளும் அவற்றை வாசிக்கும் குடும்பங்களும்தான் இருக்கிறார்கள். அவர்கள் செய்யும் கருவிகளுக்குக் காலத்தின்மேல் ஆளுமை உண்டு. நாயனம் என்ற நாதசுரம் ஒரு பொழுதை நீட்டும், பறை அதை விரைவுபடுத்தும், யாழ் கடந்துபோன ஒரு மாலையைக் கண்முன் கொண்டுவரும்.

கதையின் நடுவில் இருப்பது ஒரே ஓர் இரவு. கலங்கரை விளக்கத்தில் பணிபுரியும் தாய் அடிபட்டுக் கிடக்கிறாள். இன்னும் ஒரு நாழிகைதான் உயிர் தங்கும் என்று மருத்துவர் சொல்லிவிட்டார். மணல்திட்டுகளுக்கு நடுவே கப்பல்கள் திரும்பி வர வேண்டிய வழி அவள் ஒருத்திக்கே மனப்பாடம். அதை முழுதாகச் சொல்லி முடிக்க ஒரு நாழிகை வேண்டும். ஆனால் கப்பலோ திட்டுகளின் வாயில் வந்து நிற்கிறது, விளக்கை எந்தத் திசையில் திருப்புவது என்பதைச் சில நொடிகளில் முடிவு செய்தாக வேண்டும். மகள் நாயனக் குடும்பத்தில் வளர்ந்தவள்.

என் சிக்கல் இதுதான். காலத்தை நீட்ட முடியும் என்றால் அந்த உலகில் யாரும் எதையும் இழக்க வேண்டியதில்லை. ஒவ்வொரு முறை வாசிக்கும்போதும் வாசிப்பவரின் ஆயுளில் ஓர் ஆண்டு குறையும் என்று முதல் வரைவில் ஒரு விலையை வைத்திருந்தேன். இப்போது படிக்கும்போது அது வெளியிலிருந்து கொண்டுவந்து ஒட்டியது போலத் தெரிகிறது. நாயனத்துக்குப் பதிலாக ஒரு மோதிரத்தையோ வாளையோ வைத்தாலும் அதே விலை பொருந்திவிடும் என்றால், கதையில் இசைக்கு என்ன வேலை? இசை தெரிந்தவர்களும் கதை எழுதுபவர்களும் வழி சொல்லுங்கள்.

செந்தூல் தவில், கோலாலம்பூர்

நல்ல கேள்வி, தங்கையே. கோயில் மேளத்தில் தவில் வாசிப்பவன் என்ற முறையில் சொல்கிறேன். விலையைத் தேடுவதற்கு முன், உங்கள் கருவி எதை நீட்டுகிறது என்பதை நீங்கள் தீர்மானிக்க வேண்டும். நம் சங்கீதத்தில் இதற்கு இரண்டு வழிகள் ஏற்கனவே இருக்கின்றன.

கச்சேரியில் இராகம் தானம் பல்லவி என்ற உருப்படியைப் பாடும்போது அனுலோமம் என்று ஒன்று செய்வார்கள். அப்போது தாளம் போடும் கை ஒரே வேகத்தில் போய்க்கொண்டிருக்கும். பல்லவி வரி மட்டும் முதல் காலம், இரண்டாம் காலம், மூன்றாம் காலம் என்று வேகமெடுக்கும். முதல் காலத்தில் ஒரு முறை பாட எடுத்த இடத்துக்குள் மூன்றாம் காலத்தில் அதே வரி நான்கு முறை அடங்கிவிடும். பிரதிலோமத்தில் நேர்மாறாக வரி அதே வேகத்தில் நிற்க, தாளத்தின் வேகம் மாறும். கேட்பவருக்கு இரண்டும் ஏறக்குறைய ஒன்றாகத் தோன்றலாம், ஆனால் செய்பவருக்கு இரண்டும் வெவ்வேறு வேலைகள்.

உங்கள் கதையில் தாய் இருக்கும் அறையைப் பல்லவி வரியாகவும், வெளியே கடலும் கப்பலும் இருக்கும் உலகைத் தாளமாகவும் வைத்துப் பாருங்கள். அனுலோமம் என்றால் கடல் தன் போக்கில் போகிறது, அறைக்குள் வாழ்க்கை விரைகிறது. வெளியே சில நொடிகள் போவதற்குள் உள்ளே ஒரு நாழிகை முடிந்துவிடும். கப்பலுக்கு இது போதும். ஆனால் ஒன்றைக் கவனியுங்கள். தாய்க்கு ஒரு மூச்சுகூட அதிகமாகக் கிடைக்கவில்லை. அவளுக்கு இருந்த அதே ஒரு நாழிகைதான் செலவாகிறது, வெளியே நிற்பவர்களின் கணக்கில் அது சில நொடிகளில் செலவாகிவிடுகிறது.

பிரதிலோமத்தை எடுத்தால் அறை அப்படியே இருக்க, கடல் முழுவதையும் மெதுவாக்க வேண்டும். ஒரு பெண் ஒரு கருவியை வைத்துக்கொண்டு கடலை மெதுவாக்குகிறாள் என்றால் எனக்கு நம்பிக்கை வராது. ஓர் அறையை விரைவாக்குகிறாள் என்றால் வரும்.

இன்னொன்று. பெரிய மேளத்தில் நாயனம், தவில், சுருதி பிடிக்கும் ஒத்து, தாளம் என்று நான்கு வேலை உண்டு. கூட்டம் நாயனத்தைப் பார்க்கும், தவிலைப் பார்க்கும், தாளம் போடுகிறவரை யாரும் பார்ப்பதில்லை. உங்கள் உலகில் தாளக்காரர்தான் மிகப் பெரிய ஆளாக இருக்க வேண்டும். எல்லோருடைய காலமும் நீண்டும் சுருங்கியும் போகும்போது, மாறாமல் நின்று வெளிக்காலத்தைக் கையில் வைத்திருப்பவர் அவர் ஒருவர்தான். அவர் இல்லாமல் நீட்டியது நீண்டதா என்று யாராலும் சொல்ல முடியாது.

வெண்கலம், கோலாலம்பூர்

தவில் அண்ணன் சொன்னதற்குப் பக்கபலமாக ஒன்று சொல்கிறேன். நான் பல்கலைக்கழகத்தில் இயற்பியல் படிக்கிறேன், மாலையில் காமெலான் என்ற வெண்கலக் கருவிகளின் இசைக்குழுவில் வாசிக்கிறேன். ஜாவாவின் காமெலானில் இராமா என்றொரு முறை இருக்கிறது. அடிப்படைப் பாட்டின் வேகம் பாதியாகக் குறையும்போது, அலங்காரமாக வாசிக்கும் கருவிகள் தங்கள் அடிகளை இரட்டிப்பாக்கிக்கொள்ளும். அதனால் ஒரு பெரிய கோங் ஒலிக்கும் அடுத்த கோங் ஒலிக்கும் இடையிலான தூரம் நீண்டுகொண்டே போகும், ஆனால் காதில் விழும் மிகச் சிறிய அடியின் வேகம் ஏறத்தாழ அப்படியே இருக்கும். உள்ளே இருப்பவருக்கு எதுவும் மெதுவானதாகத் தெரியாது, இரண்டு கோங்குகளுக்கு நடுவில் அடங்கும் வாழ்க்கை மட்டும் கூடிவிடும். நீள்துறையின் அறைக்குள் இருப்பவர்கள் உணர்வது இதுவாகத்தான் இருக்கும் என்று நினைக்கிறேன். அவர்களுக்குத் தலைசுற்றலோ ஒளிவட்டமோ வேண்டியதில்லை.

உறுமிக்காரன், செலாயாங்

அக்கா, உங்கள் பட்டியலில் நாயனமும் யாழும் உயர்ந்த வேலை செய்கின்றன, பறைக்கு விரைவுபடுத்தும் வேலை மட்டும் கொடுத்திருக்கிறீர்கள். இதை மாற்றச் சொல்லிக் கேட்கிறேன். இந்த நாட்டில் தைப்பூசத்தன்று பத்துமலையின் 272 படிகளுக்குக் கீழே நின்று பாருங்கள், பினாங்கில் தண்ணீர்மலையின் 513 படிகளுக்குக் கீழே நின்று பாருங்கள். காவடி எடுப்பவர்களைக் கொண்டுபோய்ச் சேர்ப்பது உறுமி மேளம்தான். உறுமியின் ஒரு முகத்தில் குச்சியால் அடிப்போம், மறுமுகத்தில் வளைந்த குச்சியை அழுத்தித் தேய்ப்போம். அடி என்றால் ஒன்று, இரண்டு என்று எண்ணலாம். தேய்ப்பில் வரும் அந்த உறுமலை எண்ண முடியாது, அதற்குத் தொடக்கமும் முடிவும் காதுக்குப் பிடிபடாது. மேலே ஏறி இறக்கிவைத்த பிறகு, எவ்வளவு நேரம் ஆனது என்றே தெரியவில்லை என்று காவடி எடுத்தவர்கள் சொல்லக் கேட்டிருக்கிறேன்.

ஆகவே காலத்தை நீட்டுவது, சுருக்குவது என்ற இரண்டோடு, காலத்தை எண்ண முடியாமல் ஆக்குவது என்று மூன்றாவதாக ஒன்றைச் சேருங்கள். அந்த வேலையை உறுமிக்குக் கொடுங்கள். நீள்துறையில் தாளக்காரர்கள் உறுமிக் குடும்பங்களைக் கண்டு அஞ்ச வேண்டும், அதே வேளையில் துயரம் தாங்க முடியாத வீட்டார் அவர்களைத்தான் தேடிப் போக வேண்டும்.

பறையைப் பற்றியும் ஒரு செய்தி. வாசிப்பதற்கு முன் பறையைத் தீயில் காட்டிக் காய்ச்சுவார்கள். தோல் இறுகினால்தான் ஓசை கணீரென்று எழும். ஈரக்காற்றில் சிறிது நேரத்தில் அது தளர்ந்துவிடும், மறுபடியும் தீ வேண்டும். பறையின் ஆற்றல் அந்தச் சூடு இருக்கும்வரைதான் என்று வைத்தால், கதையில் மழை வரும் ஒவ்வொரு இடத்திலும் வாசகருக்குப் பதற்றம் தானாக வந்துவிடும்.

நாழிகைவட்டில், பினாங்கு

ஓய்வுபெற்ற ஆசிரியன் நான். கதை எழுதிப் பழக்கமில்லை, ஆனால் பொழுதைப் பற்றிச் சில செய்திகள் உங்களுக்குப் பயன்படலாம்.

இடத்தையும் பொழுதையும் பாட்டின் அடிப்படையாக வைத்த மரபு நம்முடையது. தொல்காப்பியம் முதற்பொருள் என்று நிலத்தையும் பொழுதையும் சொல்கிறது, கருப்பொருள் வரிசையில் பறையையும் யாழையும் வைக்கிறது. குறிஞ்சிக்கு யாமம், முல்லைக்கு மாலை, மருதத்துக்கு வைகறை, நெய்தலுக்கு எற்பாடு என்ற பொழுது சாயும் நேரம், பாலைக்கு நண்பகல். ஒவ்வொரு நிலத்துக்கும் தனி யாழ், தனிப் பறை. முல்லைக்கு ஏறுகோட்பறை, குறிஞ்சிக்குத் தொண்டகப்பறை. உங்கள் கற்பனை உலகின் இலக்கணம் ஏற்கனவே பாதி எழுதப்பட்டிருக்கிறது என்று நான் கருதுகிறேன். யாழ் கடந்துபோன மாலையைக் கொண்டுவரும் என்று எழுதியிருக்கிறீர்கள். எந்த யாழும் எந்தப் பொழுதையும் கொண்டுவரலாம் என்று விட்டுவிடாதீர்கள். முல்லையாழ் மாலையை மட்டும் கொண்டுவரட்டும். ஒரு மனிதன் தன் வாழ்க்கையின் ஒரு வைகறையைத் திரும்பக் காண விரும்பினால், அவன் மருதநிலத்து யாழைத் தேடிப் போகட்டும். அந்தப் பயணமே ஓர் அத்தியாயம் ஆகும்.

முல்லைப்பாட்டில் அரசனின் பாசறையில் நாழிகைக் கணக்கர் வருகிறார்கள். நீர்க்கடிகாரத்தைப் பார்த்து இவ்வளவு நாழிகை ஆயிற்று என்று அவர்கள் அரசனுக்கு அறிவிக்கிறார்கள். ஒரு நாழிகை 24 நிமிடம், ஒரு நாளுக்கு 60 நாழிகை. தவில் தம்பி சொன்ன தாளக்காரர் பதவிக்கு நீள்துறையில் இவர்களை வைக்கலாம்.

நம் ஊரிலேயே காலம் நகர்த்தப்பட்டிருக்கிறது. 1981 டிசம்பர் 31 அன்று இரவு 11:30 மணிக்குத் தீபகற்ப மலேசியாவில் கடிகாரங்களை நள்ளிரவுக்கு நகர்த்தினோம். சபா, சரவாக் நேரத்தோடு ஒன்றாவதற்காக அரை மணி நேரம் அந்த இரவில் இல்லாமல் போனது. அதற்கு முன், ஜப்பானியர் ஆட்சியில், தோக்கியோ நேரத்தின்படி கடிகாரம் ஓடியது. சூரியன் இதற்கெல்லாம் கட்டுப்படவில்லை. இன்றைக்கும் பினாங்கில் சராசரியாகப் பகல் 1:19 மணிக்குத்தான் சூரியன் உச்சிக்கு வருகிறது. ஜார்ஜ்டவுன் விக்டோரியா மணிக்கூண்டின் உயரம் 60 அடி, அரசியின் ஆட்சியில் ஓர் ஆண்டுக்கு ஓர் அடி என்று கட்டப்பட்டது. ஆட்சியில் இருப்பவர்கள் காலத்தைத் தங்கள் பெயரில் எழுதிக்கொள்ள எப்போதும் விரும்பியிருக்கிறார்கள். நீள்துறையின் துறைமுக அதிகாரிகளும் அப்படிப்பட்டவர்களாக இருந்தால், கருவி செய்யும் ஆசாரிகளோடு அவர்களுக்கு உரசல் இருந்தே தீரும்.

வீணைமெட்டு, பிரிக்பீல்ட்ஸ்

ஐயா சொன்ன அரை மணி நேரத்தைக் கட்டாயம் கதையில் சேர்த்துக்கொள்ளுங்கள், தங்கச்சி. அந்த அரை மணி எங்கே போனது என்று நீள்துறைக் குழந்தைகள் கேட்கட்டும்.

விலையைப் பற்றி என் கருத்து: கருவியின் உடம்பைப் பாருங்கள். வீணையில் சுரத்துக்கு இடம் காட்டும் 24 உலோகக் கட்டைகள், அதாவது மெட்டுகள், மெழுகின்மேல் பதிந்திருக்கின்றன. தேன்மெழுகும் கருப்புப் பொடியும் கலந்த அந்தப் படுகை வெயிலில் வைத்த வீணையில் இளகும், மெட்டு ஒரு மயிரிழை நகரும், சுரம் பிசகும். மாணவர் வீட்டில் சன்னலோரம் வைத்திருந்த வீணையை எடுத்து மீட்டினால் காந்தாரம் சரியாக இருக்கும், மேலே போகப்போக எல்லாம் ஒரு பக்கமாகச் சாய்ந்திருக்கும். அப்போது மறுபடியும் மேளம் கட்ட, அதாவது மெட்டுகளைப் புதிதாகப் பதிக்கத்தான் வேண்டும், வேறு வழியில்லை. உங்கள் உலகில் ஒவ்வொரு மெட்டும் ஒரு பொழுது என்றால், கோடைக்காலத்தில் மெழுகு இளகி வைகறை நள்ளிரவுப் பக்கம் நகர்ந்துவிடும். ஊரே விடியலைத் தவறவிடும்.

நாயனத்திலும் மெழுகு உண்டு. விரல் வைக்கும் ஏழு துளைகளுக்குக் கீழே இன்னும் சில துளைகள் இருக்கும், அவற்றை மெழுகால் அடைத்தும் திறந்தும் சுருதியைச் சரிசெய்வார்கள். அடைத்த துளைகளில் அடைக்கப்பட்ட பொழுதுகள் இருக்கின்றன என்று நீங்கள் எழுதலாம். நாயனத்துக்கு ஆச்சா மரம், வாயில் வைத்து ஊதும் சீவாளிக்கு நாணல் வகைத் தட்டை. சீவாளியை ஈரப்படுத்தாமல் ஊத முடியாது, ஊத ஊத அது நைந்து போகும். நல்ல சீவாளி அமைவது அரிது. ஒரு சீவாளிக்கு இவ்வளவு காலம்தான் என்று வைத்தால், அதைவிடப் பொருத்தமான விலை கிடைக்காது. நரசிங்கம்பேட்டை நாதசுரத்துக்கு 2022-இல் புவிசார் குறியீடு கிடைத்ததே, அந்தக் கைவினையின் நுணுக்கங்களைப் படித்துப் பாருங்கள், கதைக்கு வேண்டியது நிறைய இருக்கிறது.

தீவுக்காரி, பினாங்கு

எல்லோருக்கும் நன்றி. உறுமித் தம்பியின் திருத்தத்தை அப்படியே ஏற்றுக்கொள்கிறேன், எண்ண முடியாத காலம் என்ற எண்ணம் இரண்டாம் பாகம் முழுவதற்கும் போதும். ஐயா சொன்ன திணை முறையையும் எடுத்துக்கொள்கிறேன்.

வீணை அக்கா சொன்ன மெழுகும் சீவாளியும் எனக்கு மிகவும் பிடித்திருக்கின்றன. ஆனாலும் ஒரு குறை தெரிகிறது. சீவாளி நைந்துபோனால் அது கருவியின் இழப்பு. பணம் இருப்பவர் இன்னொரு சீவாளி வாங்கிக்கொள்வார். தவில் அண்ணன் சொன்ன அனுலோமத்தில், தாயின் கடைசி நாழிகை வெளியே இருப்பவர்களுக்குச் சில நொடிகளாகிவிடும் என்றாரே, அதைப் படித்ததிலிருந்து வேறு எதையும் யோசிக்க முடியவில்லை. நீட்டிக் கொடுக்க நினைக்கும் மகளே அதைச் சுருக்குகிறாள். விலை அங்கேதான் இருக்கிறது என்று உள்மனம் சொல்கிறது. ஆனால் மகள் அறைக்கு உள்ளே இருக்கிறாளா வெளியே இருக்கிறாளா? உள்ளே இருந்தால் அவளுக்கும் முழு நாழிகை கிடைத்துவிடும், பிறகு இழப்பு ஒன்றுமில்லை. வெளியே நிற்க வேண்டும் என்றால் அதற்குக் கருவியிலிருந்தே காரணம் வர வேண்டும். வெறுமனே கதாசிரியையின் கட்டளையாக அது இருக்கக் கூடாது.

செந்தூல் தவில், கோலாலம்பூர்

காரணம் கோர்வையில், அதாவது முடிப்புக்கு வாசிக்கும் சொற்கட்டில், இருக்கிறது. விளக்கமாகவே எழுதுகிறேன், பொறுமையாகப் படியுங்கள்.

ஆதி தாளம் எட்டு அடி. ஓர் அடிக்கு நான்கு அட்சரம், அதாவது நான்கு சிறு எண்ணிக்கை, வைத்தால் ஓர் ஆவர்த்தனம், அதாவது தாளத்தின் ஒரு முழுச் சுற்று, 32 அட்சரம். முடிப்புக்கு ஒரு சொல்லை மூன்று முறை வாசிப்போம், நடுவில் இரண்டு இடத்தில் கார்வை விடுவோம். கார்வை என்றால் வாசிக்காமல் விடும் இடம். மூன்று சொல்லும் இரண்டு கார்வையும் சேர்ந்து சரியாக 32 வர வேண்டும், அப்போதுதான் அடுத்த ஆவர்த்தனத்தின் சமத்தில், அதாவது முதல் அடியில், பாட்டை எடுக்க முடியும். 'தகதகிட ததிகிணதொம்' என்பது பத்து அட்சரச் சொல். மூன்று முறை வாசித்தால் 30, நடுவில் ஒவ்வோர் அட்சரம் விட்டால் 32. சொல்லை எட்டாகக் குறைத்தால் கார்வை நான்கு நான்காக நீளும். ஆறு என்றால் ஏழு ஏழு. நான்கு என்றால் பத்துப் பத்து. 'தொம்' என்று இரண்டே அட்சரத்தில் அடித்தால் கார்வை பதின்மூன்று பதின்மூன்று, ஆக 32-இல் 26 அட்சரம் மௌனம்.

சொல் குறையக் குறைய மௌனம் நீள்கிறது. புதிதாகக் கற்பவர்களுக்குப் பத்து அட்சரச் சொல்தான் எளிது, ஏனென்றால் சொல்லே கணக்கைத் தாங்கிக்கொள்ளும். இரண்டு அட்சரச் சொல்லை வைத்துக்கொண்டு பதின்மூன்று அட்சரத்தை ஒன்றும் வாசிக்காமல் கடந்து, சரியான இடத்தில் மறுபடி விழ வேண்டும் என்றால் தாளம் உடம்பில் ஊறியிருக்க வேண்டும். என் குருநாதர் இந்த இடத்தில் தவிலின் வலப்பக்கமான வலந்தலையின்மேல் கூடு மாட்டிய விரல்களை அந்தரத்தில் நிறுத்தி வைத்திருப்பார். விரல் அசையாது, கண் மட்டும் தாளம் போடுகிறவரின் கையைப் பிடித்துக்கொண்டிருக்கும்.

நீள்துறையில் காலம் விரிவது வாசிப்பில் என்று வைக்காதீர்கள், கார்வையில் விரிகிறது என்று வையுங்கள். வாசிப்பு கதவைத் திறக்கிறது, மௌனத்துக்குள் அறை தன் காலத்தை வாழ்கிறது, அடுத்த அடி அதை மூடுகிறது. கார்வை எவ்வளவு பெரியதோ அவ்வளவு நேரம் உள்ளே கிடைக்கும். அந்தக் கார்வையை எண்ணுபவர் தாளத்தின் பக்கம்தான் நிற்க முடியும், அதாவது வெளிக்காலத்தில். எண்ணுபவரும் உள்ளே போய்விட்டால் எண்ணுவதற்கு அளவு இருக்காது, மூடவும் ஆள் இருக்காது. மகள் வெளியே நிற்பது உங்கள் கட்டளையால் அல்ல, கணக்கால். கருவியை மட்டும் மாற்றிக்கொள்ளுங்கள். நாயனம் வேண்டாம், அவள் தவில் வாசிக்கட்டும். கணக்கைப் பிடித்துக் கட்டுவது தவிலின் வேலை.

உறுமிக்காரன், செலாயாங்

அண்ணா, துறைமுகத்தில் கோங் இருக்குமே, கார்வையின்போது அதை ஒலிக்கவிட்டு அந்த ஓசையைப் பிடித்துக்கொண்டு எண்ணினால் எளிதாகிவிடாதா?

வெண்கலம், கோலாலம்பூர்

ஆகாது என்று நினைக்கிறேன், தம்பி. பெரிய கோங்கின் ஓசை அடித்த பின்னும் நெடுநேரம் அலையலையாக நீடிக்கும். அது இருக்கும்வரை கார்வை மௌனம் ஆகாது. தவில் அடித்தவுடன் அடங்கிவிடும், அதனால்தான் அதன் மௌனம் சுத்தமானது.

தீவுக்காரி அக்காவுக்காக ஒரு கணக்கைப் போட்டுப் பார்த்தேன். ஓர் அடிக்கு ஒரு நொடி என்று வைத்தால் ஓர் அட்சரம் கால் நொடி. 26 அட்சர மௌனம் வெளியே ஆறரை நொடி. உள்ளே ஒரு நாழிகை, அதாவது 1,440 நொடி. ஆகவே அறைக்குள் காலம் வெளியைவிட ஏறத்தாழ 221 மடங்கு விரைவாக ஓடுகிறது. ஒவ்வொரு கார்வையும் வெளியே மூன்றேகால் நொடி, உள்ளே 12 நிமிடம்.

இப்போது தாயின் குரலை எடுத்துக்கொள்ளுங்கள். பெண்குரலின் அடிப்படை அதிர்வு நொடிக்கு ஏறத்தாழ 200. அதை 221 மடங்காக்கினால் 44,000-க்கு மேல் போகிறது. மனிதக் காது ஏறத்தாழ 20,000 வரைதான் கேட்கும். தாய் 12 நிமிடம் பேசினாலும் வெளியே வாசலில் நிற்கும் மகளின் காதில் ஒன்றுமே விழாது. கார்வை அவளுக்கு உண்மையாகவே மௌனமாக இருக்கும். பூனைக்கு 60,000 வரை கேட்கும் என்பதால், அந்த வீட்டில் ஒரு பூனை இருந்தால் அது மட்டும் காதைத் திருப்பும்.

தீவுக்காரி, பினாங்கு

தம்பி, இந்தக் கணக்கைப் பார்த்ததும் மேசையை விட்டு எழுந்து சிறிது நேரம் நடக்க வேண்டியதாயிற்று. பூனையை வைத்துக்கொள்கிறேன்.

அப்படியானால் காட்சி இப்படி அமைகிறது. கலங்கரை விளக்கத்தின் அறைக்குள் தாயும் மகளின் தம்பியும் இருக்கிறார்கள். இந்தத் தீவின் முனையில் 1883-இல் கட்டிய முக்கா ஹெட் விளக்கை மனத்தில் வைத்துத்தான் அந்த இடத்தை எழுதுகிறேன். வாசலில் மகள் தவிலோடு அமர்ந்திருக்கிறாள். முதல் 'தொம்' விழுந்ததும் தாய் பேசத் தொடங்குகிறாள். திட்டுகளின் முதல் பாதி வழி முதல் கார்வையில், மறுபாதி இரண்டாம் கார்வையில். நடுவில் விழும் இரண்டாவது அடி உள்ளே இருப்பவர்களுக்கு இடி விழுந்தது போல நீண்டு கேட்கும், அதற்குள் தாய் மூச்சு வாங்கிக்கொள்வாள். மூன்றாவது அடியில் அறை மறுபடியும் கடலோடு சேரும்போது, தம்பி விளக்கைத் திருப்ப ஓடுகிறான். தாயின் நாழிகை முடிந்திருக்கிறது. மகளுக்கு ஆறரை நொடி போயிருக்கிறது, அவள் காதில் ஒரு சொல்லும் விழவில்லை.

வழியைச் சொல்லி முடித்த பிறகு தாய் மகளுக்கென்று ஏதேனும் சொன்னாளா என்பதைத் தம்பியின் வாயால்தான் அவள் அறிய முடியும். தம்பிக்கு வயது ஒன்பது. மணல்திட்டுகளின் வழியைத் தலையில் சுமந்துகொண்டு நிற்கும் குழந்தை மற்றதை எவ்வளவு நினைவில் வைத்திருக்கும்?

வீணைமெட்டு, பிரிக்பீல்ட்ஸ்

ஒன்று கேட்க வேண்டும், தங்கச்சி. தம்பியை வெளியே உட்கார வைத்துத் தாளம் போடச் சொல்லிவிட்டு, மகள் உள்ளே போகலாமே? படிப்பவர் இதைக் கேட்பார். மகளுக்கும் அந்த எண்ணம் வராமல் இருக்காது.

தீவுக்காரி, பினாங்கு

வர வேண்டும், அக்கா. அந்த ஆசை அவளுக்கு வரும் இடத்தை நான் விட்டுவிடக் கூடாது. தம்பி தவில் கற்கத் தொடங்கியவன், பத்து அட்சரச் சொல்லைத் தாண்டாதவன். அவன் வாசித்தால் கார்வைக்கு ஓர் அட்சரம்தான் கிடைக்கும், இரண்டும் சேர்ந்தால்கூட உள்ளே இரண்டு நிமிடத்துக்கும் குறைவு. அம்மாவோடு இரண்டு நிமிடம் இருப்பதா, கப்பலுக்கு முழு வழியா என்று அவள் தெரிந்தேதான் வாசலில் உட்காருகிறாள்.

நாழிகைவட்டில், பினாங்கு

அம்மா, கப்பலில் இருப்பவர்களுக்கு முகமும் பெயரும் கொடுங்கள். குறைந்தது ஒருவரையாவது முந்தைய அத்தியாயத்தில் நீள்துறைக் கடைத்தெருவில் நடமாட விடுங்கள். இல்லையென்றால் அவளுடைய தீர்மானம் வெறும் கடமையாகப் போய்விடும்.

செந்தூல் தவில், கோலாலம்பூர்

ஐயா சொன்னது சரி. எழுதத் தொடங்கும் முன் இன்னும் ஒன்றை முடிவு செய்துகொள்ளுங்கள், தங்கையே. கோர்வை தானாக முடிவதில்லை. கடைசி 'தொம்' விழுந்ததும் அடுத்த சமத்தில் நாயனம் பாட்டை எடுக்க வேண்டும், எடுத்தால்தான் கோர்வை சேர்ந்ததாகக் கணக்கு. தம்பி விளக்கருகே ஓடிவிட்டான், தாயும் இல்லை, மகளின் இரண்டு கையும் தவிலில் இருக்கிறது. அந்த நாயனத்தை யார் ஊதுகிறார் என்று தீர்மானித்துவிட்டு அத்தியாயத்தை இங்கே போடுங்கள், சொற்கட்டுகளைச் சரிபார்த்துத் தருகிறேன்.